டைரியா, கடிதமா, சுயசரிதையா? ஒரு காலத்தைப் பத்தி எழுத உக்காந்தா எதை முதல்ல எடுக்கறது

வரலாறு பத்தி எதையாவது எழுதணும்னு இறங்கினவங்க எல்லாரும் சீக்கிரமே ஒரு இடத்துல மாட்டிக்குவாங்க. கையில ஒருத்தரோட டைரி இருக்கும், அதே காலத்துல வாழ்ந்த இன்னொருத்தர் வயசான பிறகு எழுதின சுயசரிதை இருக்கும், கூடவே ஒரு கட்டு கடிதம் இருக்கும், ஆனா ஒண்ணு சொல்றது இன்னொண்ணோட ஒத்துப்போகாது. எல்லாத்தையும் வரி வரியா படிக்க நேரமும் கிடையாது. அப்ப எதை முதுகெலும்பா வெச்சுக்கறது, எதை பக்கத்துல வெச்சு சரிபாக்கறது?

வழக்கமா கிடைக்கிற பதில் ஒண்ணு இருக்கு. டைரிதான் பெஸ்ட், ஏன்னா அன்னன்னிக்கு எழுதினது. கடிதம் ரெண்டாவது. சுயசரிதை கடைசி, அதுல எல்லாரும் தன்னை நல்லவனா காட்டிக்குவாங்க. நானும் ரொம்ப நாள் இதைத்தான் நம்பிட்டு இருந்தேன், இப்ப இந்த வரிசை மேல அவ்வளவா நம்பிக்கை இல்ல. அட்டையில டைரின்னு போட்டிருக்கற பல புஸ்தகம் உள்ள போய் பாத்தா பாதி சுயசரிதையா இருக்கு, சுயசரிதைன்னு ஒதுக்கி வெச்சது சில சமயம் தேதி வரைக்கும் கரெக்டா இருக்கு. அதனால நான் இப்ப பேரைப் பாக்கறதில்ல, ரெண்டே கேள்விதான் கேக்கறேன்: சம்பவம் நடந்ததுக்கும் அதை எழுதினதுக்கும் நடுவுல எவ்வளவு நாள், எழுதறப்போ இதை யாரு படிப்பாங்கன்னு நினைச்சாங்க.

முதல்ல டைரிக்கு நியாயமா கொடுக்க வேண்டிய மார்க்கைக் கொடுத்திடறேன். டைரி எழுதறவருக்கு கதை எப்படி முடியும்னு தெரியாது, அதோட பெரிய பலமே அதுதான். ஆனந்தரங்கப் பிள்ளையை எடுத்துக்கங்க. பிரெஞ்சுக்காரங்க ஆண்ட புதுச்சேரியில குவர்னர் துய்ப்ளேக்சுக்கு துபாஷியா, அதாவது மொழிபெயர்ப்பாளரும் தரகருமா, இருந்தவர், 1736 செப்டம்பர்ல எழுத ஆரம்பிச்சு 1761 ஜனவரியில சாகற வரைக்கும் கிட்டத்தட்ட 25 வருஷம் எழுதியிருக்காரு. அவர் செத்து சில நாள்லயே ஊர் இங்கிலீஷ்காரங்க கையில விழுந்திருச்சு. இப்ப நமக்கு அந்தக் கதை முழுக்கத் தெரியும், அதனால நாம எழுதினா 1750லயே சரிவோட அறிகுறியைத் தேடிப் பிடிப்போம். அவருக்கு அந்த வசதி கிடையாது. எந்தக் கப்பல் வந்துச்சு, என்ன சரக்கு இறங்குச்சு, குவர்னர் யாரைப் பாத்து சிரிச்சார், யாரு யாருக்கு என்ன நஜர் (காணிக்கை) வெச்சாங்க, கடைத்தெருவுல என்ன வதந்தி, எல்லாம் அன்னிக்கு இருந்த குழப்பத்தோடயே, அன்னிக்கு ஜனங்க பேசின தமிழ்லயே கிடக்கு. அந்தக் குழப்பத்தை வேற எந்த ஆவணமும் இவ்வளவு சுத்தமா கொடுக்காது. புதுச்சேரியை நிர்வாகம் பண்ணின பிரெஞ்சு கம்பெனி பாரீசுக்கு அனுப்பின ரிப்போர்ட்டை எல்லாம் படிச்சா எல்லாமே திட்டம் போட்டு நடந்த மாதிரி இருக்கும்.

ஆனா அதே டைரியில துய்ப்ளேக்சோட மனைவியைப் பத்தி அவர் எழுதியிருக்கறதைப் படிங்க. அந்த அம்மா நிர்வாகத்துல தலையிடறாங்க, காசு வாங்கறாங்க, தனக்கு எதிரா வேலை பாக்கறாங்கன்னு பக்கம் பக்கமா புகையறாரு. பிள்ளை ஒரு வியாபாரி, பதவிப் போட்டியில இருந்தவர், குவர்னர் காதுல யாரு பேச்சு ஏறுதுங்கறதுதான் அவருக்கு வாழ்வு சாவு பிரச்னை. அதனால கப்பல் வந்த தேதிக்கு அவரை நம்புவேன், ஆளுங்களோட குணத்துக்கு அவரை மட்டும் வெச்சு ஒரு வரி கூட எழுத மாட்டேன். அன்னிக்கே எழுதினதுனால கோபம் இல்லாம போயிடுமா என்ன, இன்னும் சூடாத்தான் இருக்கும்.

டைரி விஷயத்துல இன்னொரு பொறி இருக்கு. பிரெஞ்சு ராஜா 16ம் லூயியோட டைரியில 1789 ஜூலை 14, அதாவது பஸ்தீல் கோட்டை விழுந்த அன்னிக்கு, ஒரே ஒரு வார்த்தைதான் இருக்கு: ஒண்ணுமில்ல. இதைக் காட்டி, பாருங்கய்யா நாடு பத்தி எரியறப்போ ராஜா எப்படி இருந்திருக்கான்னு சொல்றவங்க இன்னிக்கும் இருக்காங்க. அது பெரும்பாலும் வேட்டைக் கணக்கு எழுதற டைரி. அன்னிக்கு வேட்டைக் கணக்குல எழுத ஒண்ணும் இல்ல, அதைத்தான் எழுதியிருக்காரு. அந்த நோட்டு எதுக்காக வெச்சிருந்ததுன்னு தெரியாம அதுல மௌனத்தைத் தேடினா இப்படித்தான் ஆகும்.

என் அனுபவத்துல, போரடிக்கிற டைரிதான் நல்ல டைரி. அமெரிக்காவுல மெய்ன் பகுதியில மார்த்தா பாலர்டுன்னு ஒரு மருத்துவச்சி, 1785ல இருந்து 1812 வரைக்கும் 27 வருஷம் எழுதியிருக்காங்க. இன்னிக்கு வானிலை இப்படி, ஆத்தைத் தாண்டி இன்னார் வீட்டுக்குப் போனேன், குழந்தை பொறந்துச்சு, இவ்வளவு கூலி, அவ்வளவுதான். முன்னாடி பாத்த ஆராய்ச்சியாளர்கள் இதுல ஒண்ணும் இல்லன்னு தள்ளிட்டுப் போயிட்டாங்க. லாரல் தாட்சர் அல்ரிக்னு ஒரு வரலாற்றாசிரியர் உக்காந்து அந்த சின்னச் சின்ன வரியை எல்லாம் கூட்டிப் பாத்தாங்க, 816 பிரசவம் வந்துச்சு, கூடவே அந்த ஊர்ப் பொருளாதாரத்துல பெண்களோட வேலை எவ்வளவு பெருசுன்னு, வேற எந்தப் பதிவேட்டுலயும் இல்லாத ஒரு உலகமே வந்துச்சு. 1990ல புஸ்தகமா வந்து அடுத்த வருஷம் புலிட்சர் பரிசு வாங்கிச்சு. மார்த்தா யாரையும் கவரணும்னு எழுதல, அதுதான் அதோட மதிப்பு. வாக்கியம் அழகா இருக்கற டைரியைப் பாத்தாத்தான் எனக்கு சந்தேகம் வரும்.

அந்த சந்தேகத்துக்குக் காரணம் இருக்கு. ஆன் ஃப்ராங்கோட டைரி எல்லாருக்கும் தெரியும், ஆனா அது ஒரே டைரி இல்லங்கறது நிறைய பேருக்குத் தெரியாது. 1944 மார்ச்ல லண்டன்ல இருந்து வந்த டச்சு ரேடியோவுல ஒரு மந்திரி, போர் முடிஞ்சதும் மக்களோட டைரி, கடிதம் எல்லாம் சேகரிக்கப் போறோம்னு பேசினார். அந்தப் பொண்ணு அதைக் கேட்டுட்டு, நாஜிகளுக்கு பயந்து ஒளிஞ்சிருந்த இடத்துலயே, அது வரைக்கும் எழுதினதை எல்லாம் புஸ்தகமா வரணும்னு திருத்தி எழுத ஆரம்பிச்சிடுச்சு. அப்போ வயசு 14. அப்புறம் அப்பா ரெண்டு வெர்ஷன்ல இருந்தும் எடுத்து, சிலதை விட்டுட்டு 1947ல வெளியிட்டார். மூணையும் பக்கத்துல பக்கத்துல போட்ட ஆய்வுப் பதிப்பு 1986ல வந்துச்சு. இதனால டைரி பொய்னு ஆயிடாது, அந்த மாதிரி பேசறவங்க வேற உள்நோக்கத்துல பேசறாங்க. ஆனா 1942ல 13 வயசுப் பொண்ணு என்ன நினைச்சான்னு எழுதப் போறீங்கன்னா முதல் வெர்ஷன்தான் வேணும், 15 வயசு நெருங்கற ஒரு எழுத்தாளர் தன்னோட பழைய டைரியை எப்படி எடிட் பண்ணினாங்கன்னா ரெண்டாவது வெர்ஷன். கடையில வாங்கின காப்பியை மட்டும் வெச்சுட்டு இந்த ரெண்டுக்கும் பதில் சொல்ல முடியாது.

இதைவிட மோசமான கேஸ் மேரி செஸ்நட். அமெரிக்க உள்நாட்டுப் போர் காலத்து டைரின்னு 1905ல வந்து பேர் வாங்கினது. உண்மையில, போர்ல தோத்த தெற்குப் பக்கத்தைச் சேர்ந்த அந்த அம்மா 1880கள்ல, அதாவது போர் முடிஞ்சு 15 வருஷத்துக்கு மேல ஆன பிறகு, பழைய குறிப்பை வெச்சு உரையாடல் எல்லாம் சேத்து திரும்ப எழுதியிருக்காங்க, தேதி மட்டும் போர்க்காலத் தேதி. தோக்கப் போறோம்னு முன்னாடியே தெரிஞ்ச மாதிரி வரி வந்தா அது தீர்க்கதரிசனம் இல்ல, பின்னாடி சேத்தது. ஹிட்லரோட பிரச்சார மந்திரி கோயபல்ஸ் இன்னொரு வகை. செத்து 20 வருஷம் கழிச்சு வெளியிடலாம்னு 1936லயே தன்னோட டைரி உரிமையை நல்ல விலைக்கு வித்துட்டார், அப்புறமும் தினம் எழுதினார், 1941ல இருந்து டிக்டேட் பண்ணினார். பிரச்சார மந்திரி வருங்காலத்துக்கு பண்ணின பிரச்சாரம் அது. இருந்தாலும் அதை யாரும் தூக்கிப் போடல, யாரு எப்போ யாரைப் பாத்தாங்கங்கற விவரத்துக்கு இப்பவும் அதைத்தான் திறக்கறாங்க.

மொத்தமா போலியா வந்ததும் உண்டு. 1983 ஏப்ரல்ல ஜெர்மனியோட ஸ்டெர்ன் பத்திரிகை ஹிட்லரோட டைரி கிடைச்சிருச்சுன்னு அறிவிச்சுது, 60 வால்யூம் கிட்ட, 90 லட்சம் மார்க்குக்கு மேல கொடுத்து வாங்கினது. ஹ்யூ ட்ரெவர்-ரோப்பர் மாதிரி பெரிய வரலாற்றாசிரியரே முதல்ல அசல்னு சொல்லிட்டு அப்புறம் பின்வாங்கினார். ரெண்டே வாரத்துல பேப்பர்ல இருந்த வெண்மையாக்கற ரசாயனம் போருக்குப் பிறகுதான் புழக்கத்துக்கு வந்ததுன்னு சோதனையில தெரிஞ்சு எல்லாம் புட்டுக்கிச்சு. உள்ள இருந்த விஷயமும் ஏற்கனவே அச்சுல வந்த பேச்சுத் தொகுப்புல இருந்து சுட்டதுதான். எழுதினது கொன்ராட் குயாவ்னு ஒரு கள்ளக் கையெழுத்துக்காரர்.

கடிதத்துக்கு வருவோம். கடிதத்துல ஒரு நல்லது, யாருக்குன்னு மேலயே எழுதியிருக்கும். டைரியில நாம யூகிக்க வேண்டிய அந்த ரெண்டாவது கேள்விக்கு இங்க பதில் முகவரியிலயே இருக்கு. கஷ்டமும் அங்கயேதான், அம்மாவுக்கு ஒரு மாதிரி எழுதுவோம், சிநேகிதனுக்கு வேற மாதிரி. ஒரே ஆள் ஒரே வாரத்துல ரெண்டு பேருக்கு எழுதின கடிதம் கிடைச்சா விடவே விடாதீங்க, ரெண்டுக்கும் நடுவுல இருக்கற வித்தியாசம் தனியா ஒரு ஆதாரம்.

முதல் உலகப் போர்ல பிரான்சுக்குப் போன இந்திய சிப்பாய்ங்க எழுதின கடிதங்களைப் பாத்தா இது இன்னும் நல்லாப் புரியும். நிறைய பேருக்கு எழுதத் தெரியாது, இன்னொருத்தர்கிட்ட சொல்லி எழுதவெச்சாங்க. ஊர்ல அதை வேற ஒருத்தர் சத்தமா படிச்சுக் காட்டுவார். நடுவுல தணிக்கை அதிகாரி படிப்பார், அது சிப்பாய்க்கும் தெரியும், அதனால பூடகமா எழுதுவாங்க: கருப்பு மிளகுன்னா இந்திய சிப்பாய், செவப்பு மிளகுன்னா வெள்ளைக்கார சிப்பாய், கருப்பு மிளகு தீந்து போச்சுன்னா என்ன அர்த்தம்னு நீங்களே பாத்துக்கங்க. இதுல ஒரு வேடிக்கை, அசல் கடிதங்கள்ல பெரும்பாலானது இப்ப இல்ல. தணிக்கைக்காரங்க தங்களோட ரிப்போர்ட்டுக்காக இங்கிலீஷ்ல மொழிபெயர்த்து வெச்ச பகுதிகள்தான் லண்டன்ல மிஞ்சியிருக்கு. சிப்பாயோட குரல்னு நாம கேக்கறது எழுத்தர், தணிக்கைக்காரர், மொழிபெயர்ப்பாளர்னு பல வாய் தாண்டி வந்த குரல். அப்படியும் அதுக்கு ஈடா வேற ஒண்ணும் இல்ல, அந்த ஆளுங்க சுயசரிதை எழுதற வர்க்கம் கிடையாதே.

கடிதக் கட்டுல இடைவெளியையும் கவனிக்கணும். அமெரிக்காவோட ரெண்டாவது ஜனாதிபதி ஜான் ஆடம்ஸும் அவர் மனைவி அபிகேல் ஆடம்ஸும் ஒருத்தருக்கொருத்தர் எழுதிக்கிட்டது 1,100க்கு மேல இருக்கு, ஆனா அதெல்லாம் பிரிஞ்சிருந்த காலத்துல எழுதினது. ஒரே வீட்டுல இருந்த வருஷங்கள்ல கடிதம் எதுக்கு? அதனால கடிதத்தை மட்டும் வெச்சு ஒரு கல்யாண வாழ்க்கையை எழுதினா ஏக்கமும் தனிமையும்தான் நிறைய தெரியும்.

இப்ப எல்லாரும் கடைசி பெஞ்சுல உக்கார வெக்கிற சுயசரிதை. அதுக்கு ரெண்டு தேதி இருக்கு, நடந்த தேதி, எழுதின தேதி. நாம முதல் தேதியை மட்டும் பாத்துட்டு அடிக்கிறோம். உ.வே.சாமிநாதையர் தன்னோட சரித்திரத்தை 1940ல ஆனந்த விகடன்ல வாரா வாரம் எழுத ஆரம்பிச்சப்போ வயசு 84. சேலம் ராமசாமி முதலியாரை முதல் தடவை பாத்ததை எழுதறார், என்ன படிச்சிருக்கீங்கன்னு அவர் கேட்டது, இவர் அடுக்கினது, அதனால என்ன பிரயோஜனம்னு அவர் சொன்னது, அதுல இருந்துதான் சீவக சிந்தாமணி பதிப்பு வேலையே ஆரம்பிச்சுது. தேதி 1880 அக்டோபர் 21, வியாழக்கிழமைங்கறார். காலண்டர் கணக்குப் போட்டுப் பாத்தேன், அன்னிக்கு வியாழன்தான். 60 வருஷம் கழிச்சு கிழமை கூட சரியா வருதுன்னா அவர் வெறும் ஞாபகத்துல இருந்து எழுதலன்னு யூகிக்கலாம், அவர் கடிதம், குறிப்பு எல்லாத்தையும் பத்திரமா வெச்சிருந்த மனுஷர். ஆனா கிழமை சரியா இருக்கறதால உரையாடலும் வார்த்தைக்கு வார்த்தை சரின்னு ஆகாது. அந்த உரையாடல் 1940ல உக்காந்து, பழந்தமிழ் இலக்கியம் எல்லாம் அச்சேறி ஊரே கொண்டாடற நேரத்துல, திரும்பிப் பாத்து அது எங்க ஆரம்பிச்சுதுன்னு சொல்ற ஒருத்தரோட உரையாடல். தேதிக்கு ஒரு நம்பிக்கை, பேச்சுக்கு வேற நம்பிக்கை. ஒரே பக்கத்துக்குள்ளயே இப்படி பிரிச்சுத்தான் படிக்கணும்.

காந்தி இதுக்கு நேர் எதிர். 1925ல இருந்து தன்னோட நவஜீவன் பத்திரிகையில சுயசரிதையை வாரா வாரம் எழுதறார், கையில டைரியோ ஆவணமோ இல்லாமதான் எழுதறேன்னு அவரே சொல்லிடறார். அதைப் படிச்சுட்டு தென்னாப்பிரிக்கா கால விவரத்துக்கு சுயசரிதையை மட்டும் மேற்கோள் காட்டினா தப்பு அவரோடதில்ல. அந்தக் கால கடிதம், மனு, பத்திரிகைக் கட்டுரை எல்லாம் தொகுப்பா வால்யூம் வால்யூமா இருக்கு. சுயசரிதையை 1920கள்ல அவருக்கு எது முக்கியமாப் பட்டுச்சுன்னு தெரிஞ்சுக்க எடுங்க, அதுக்கு அதைவிட நல்ல ஆதாரம் கிடையாது.

ஞாபகம் எப்படி வேலை செய்யுதுன்னு நானே ஒரு தடவை மாட்டிக்கிட்டேன். காலேஜ்ல நடந்த ஒரு பெரிய சண்டையை பல வருஷமா எல்லார்கிட்டயும் விவரமா சொல்லிட்டு இருந்தேன், யாரு எங்க நின்னாங்க, நான் என்ன சொன்னேன்னு. பழைய டைரி ஒண்ணு கைக்கு வந்துச்சு, பாத்தா அன்னிக்கு நான் அங்க இல்லவே இல்ல, காய்ச்சல்ல படுத்திருந்தேன், மறுநாள் ஒருத்தன் வந்து சொன்னதைத்தான் எழுதி வெச்சிருக்கேன். பொய் சொல்லணும்னு நினைக்கவே இல்ல, கேட்ட கதைக்குள்ள நானே நடந்து உள்ள போயிருக்கேன். சுயசரிதையில எப்பல்லாம் ஒரு காட்சி கண்ணு முன்னாடி நிக்கிற மாதிரி வருதோ அப்பல்லாம் இது ஞாபகம் வரும்.

சுயசரிதையில விட்டுப் போனதும் முக்கியம். சர்ச்சில் ரெண்டாம் உலகப் போர் பத்தி 1948ல ஆரம்பிச்சு 6 வால்யூம் எழுதினார், ஜெர்மன் ரகசியச் செய்திகளை உடைச்சுப் படிச்சதைப் பத்தி அதுல சொல்லவே இல்ல, சொல்லவும் முடியாது, அது ரகசியம். அந்த விஷயம் வெளிய வந்தது 1974ல. அது வரைக்கும் அவர் புஸ்தகத்தை வெச்சு போர் முடிவுகளை விளக்கினவங்க எல்லாரும் பாதி காரணத்தை வெச்சுத்தான் விளக்கியிருக்காங்க.

பாபரோட புஸ்தகத்தை எந்தப் பெட்டியில போடறதுன்னே தெரியாது. சின்ன வயசு பகுதி எல்லாம் பின்னாடி உக்காந்து கோர்வையா எழுதின கதை, 1519ல இருந்து தேதி போட்டு டைரி மாதிரி போகுது, நடுவுல 1508ல இருந்து 11 வருஷம் காணவே காணோம். 1529ல ஒரு ராத்திரி புயல்ல கூடாரம் சரிஞ்சு எழுதின தாள் எல்லாம் நனைஞ்சு போச்சு, பொறுக்கிக் காய வெச்சேன்னு அவரே எழுதறார். ஒரே மனுஷர், ஒரே புஸ்தகம், ஆனா சமர்கந்து பகுதியையும் ஆக்ரா பகுதியையும் ஒரே அளவுகோல்ல அளக்க முடியாது.

சரி, முடிவெடுக்க வேண்டிய இடம். என்ன நடந்தது, எப்போ, எவ்வளவு விலை, யாரு கூட இருந்தாங்கங்கற மாதிரி கேள்வின்னா போரடிக்கிற டைரியை முதுகெலும்பா வெச்சுக்கங்க, சுயசரிதையை அப்பறமா தொடுங்க. முன்னாடியே அதோட கதை மண்டையில ஏறிட்டா டைரியிலயும் அதைத்தான் பாப்பீங்க. ரெண்டு பேருக்கு நடுவுல உறவு எப்படி இருந்துச்சு, யாரு யாருக்கு பயந்தாங்கன்னா கடிதம்தான், ரெண்டு பக்கமும் கிடைச்சா இன்னும் நல்லது. ஒரு தலைமுறை தன்னோட கடந்த காலத்தை எப்படி புரிஞ்சுக்கிச்சுங்கறது கேள்வின்னா தயங்காம சுயசரிதையை எடுங்க, அங்க அதோட தப்பு கூட ஆதாரம்தான். அப்புறம், பயந்து வாழ்ந்தவங்க விஷயத்துல வரிசையே மாறும். நாஜிகள் காலத்துல ஜெர்மனியோட டிரெஸ்டன்ல விக்டர் க்ளெம்பரர்ங்கற யூதப் பேராசிரியர் டைரி எழுதி பக்கங்களை சிநேகிதி வீட்டுல ஒளிச்சு வெச்ச மாதிரி எல்லாராலயும் முடியாது. மாட்டினா உயிர் போகும்ங்கற இடத்துல டைரி இல்லாம இருக்கறதுதான் சகஜம், அங்க பின்னாடி எழுதின நினைவுக்குறிப்பை விட்டா வேற வழி இல்ல.

எதை எடுத்தாலும் எந்தப் பதிப்புங்கறது டைரியா சுயசரிதையாங்கறதை விட பெரிய முடிவா இருக்கலாம். ஆனந்தரங்கப் பிள்ளையை 1904ல இருந்து 1928க்குள்ள வந்த 12 வால்யூம் இங்கிலீஷ் மொழிபெயர்ப்புல படிக்கறதும் தமிழ்ல படிக்கறதும் ஒண்ணு இல்ல, யாரை அவர் எந்த மரியாதையில குறிப்பிடறார்ங்கற விஷயம் இங்கிலீஷ்ல அப்படியே கரைஞ்சு போயிடும். சாமுவேல் பெப்பீஸ் கதையும் இதே மாதிரிதான். லண்டன்ல 1660ல இருந்து 1669 வரைக்கும் அவர் எழுதின டைரி 1825ல முதல் தடவை அச்சுல வந்தப்போ பெரும்பகுதியை வெட்டிட்டாங்க, எதையும் விடாத முழுப் பதிப்பு வர ஆரம்பிக்கவே 1970 ஆகணும்னு இருந்துச்சு. 1666ல லண்டன்ல பிடிச்ச பெரிய தீயைப் பாத்து பெப்பீஸ் எழுதின மாதிரியே அவர் சிநேகிதர் ஜான் ஈவ்லினும் எழுதியிருக்கார், ஆனா ஈவ்லினோட டைரியில பல பகுதி பழைய குறிப்பை வெச்சு பின்னாடி உக்காந்து எழுதினது, அதனால அவர் நடை கம்பீரமா இருக்கும். பெப்பீஸோ தீ நெருங்கி வர்றப்போ தோட்டத்துல குழி தோண்டி ஒயினையும் பார்மசான் சீஸையும் புதைச்சதை எழுதறார். எனக்கு அந்த சீஸ்தான் வேணும்.

பெப்பீஸ் எழுதினது கிட்டத்தட்ட முழுக்க ஷார்ட்ஹேண்ட்ல. 1819ல ஜான் ஸ்மித்னு ஒரு ஏழை மாணவர்கிட்ட அதை சாதா எழுத்துக்கு மாத்தற வேலையைக் கொடுத்தாங்க, மண்டையை உடைச்சுக்கிட்டு மூணு வருஷம் உக்காந்து முடிச்சார். அந்த ஷார்ட்ஹேண்ட் முறையை சொல்லித் தர்ற புஸ்தகம் பெப்பீஸோட லைப்ரரியிலயே இருந்துச்சு, அந்த டைரி இருந்த அதே கேம்பிரிட்ஜ் கல்லூரியில. யாரும் ஸ்மித்கிட்ட சொல்லல. நீங்க எந்தக் கட்டைப் பிரிக்கறதுன்னு முடிவு பண்றதுக்கு முன்னாடி அந்த ஆர்க்கைவோட கேட்லாக்கை ஒரு நாள் ஒதுக்கி முழுசா படிச்சிடுங்க.